மருந்தும் நஞ்சும்: கஞ்சாச் செடியின் வரலாறு

வட செபராங் பிறையில் இருப்புப் பாதையை ஒட்டி அமைந்த ஊர் தாசேக் கெலுகோர். ரப்பர்த் தோட்டங்களில் உழைக்க வந்த தமிழர்களின் வழித்தோன்றல்கள் இன்றும் இப்பகுதியில் வாழ்கின்றனர். இங்குத் தமிழ் பயிற்றும் என்னிடம் ஒரு நாள், வகுப்பு முடிந்த பின்னர், மாணவன் ஒருவன் தயங்கி வந்து நின்றான். “ஐயா, கஞ்சா மருந்தா, நஞ்சா?” என்று கேட்டான்.

வேடிக்கைக்காக அவன் கேட்கவில்லை. புற்றுநோயால் வருந்தும் அவன் பாட்டியாருக்குக் கஞ்சா எண்ணெய் கொடுத்தால் நோய் அடியோடு நீங்கிவிடும் என்று யாரோ ஒருவர் வீட்டுக்கு வந்து கூறிச் சென்றாராம். சட்டத்தை எண்ணித் தந்தையார் அஞ்சுகிறார். தம் அன்னை படும் துன்பத்தைக் காணப் பொறாமல் தாயார் கலங்குகிறார். இந்நிலையில் எழுந்த வினாவுக்கு ஒரு சொல்லில் விடை கூறுதல் தகாது. அச்செடியின் வரலாற்றை நோக்குவோமாயின் விடை தானே புலப்படும்.

முன்னோர் அறிவும் அரசின் ஏலமும்

கஞ்சா நம் முன்னோர்க்குப் புதியதன்று. சிவமூலி, பங்கி என்னும் பெயர்கள் அதற்கு உண்டு. இலையால் ஆவது பங்கி, பெண் செடியின் பூங்கதிரால் ஆவது கஞ்சா, பிசினால் ஆவது சரஸ் என மூவகையாக அது வழங்கிற்று. சித்த மருத்துவர் வலி, கழிச்சல், உறக்கமின்மை முதலியவற்றுக்கு அதனைப் பயன்படுத்தினர். ஆயினும் பறித்தவாறே கொடுத்தாரல்லர். முதலில் சுத்தி செய்தனர். பின்னர்ப் பிற சரக்குகளோடு சேர்த்து, அளவறிந்து அளித்தனர். நஞ்சென்று அறிந்தே மருந்தாக்கினர் என்பது இதனால் விளங்கும். இந்திய நாட்டு மருந்து விதிகளும் கஞ்சாவை நச்சுத் தன்மையுடைய சரக்குகளின் பட்டியலில் வைத்துள்ளன. அது சேர்ந்த மருந்தை மருத்துவர் மேற்பார்வையில்தான் உட்கொள்ள வேண்டும் என்பது விதி.

இவ்வளவறிவு வணிகத்தில் மறைந்தது. 1786 ஆம் ஆண்டில் பினாங்கிலும் 1800 ஆம் ஆண்டில் செபராங் பிறையிலும் கால்கொண்ட ஆங்கிலக் கும்பினி, அபினி, சாராயம், கள், பங்கி ஆகியவற்றை விற்கும் உரிமையை ஏலத்தில் விட்டு வருவாய் ஈட்டியது. உரிமை பெற்றவர்க்கு விற்பனை பெருகுவதே நோக்கம். உழைத்துக் களைத்த சீனரும் இந்தியரும் தம் நோவை மறக்க நாடிய பொருளே அரசின் கருவூலத்தை நிரப்பியது. அங்கே நோயாளியும் இல்லை, மருத்துவரும் இல்லை. வாங்குவோரும் விற்போருமே இருந்தனர்.

கல்கத்தாவில் ஓர் ஆய்வு

அதே கும்பினியின் ஊழியத்தில் இருந்த மருத்துவர் ஒருவரே இச்செடியை மேனாட்டு மருத்துவத்துக்கு அறிமுகப்படுத்தினார். அயர்லாந்தில் பிறந்த வில்லியம் புரூக் ஓஷானசி கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் பேராசிரியராக விளங்கியவர். பிற்காலத்தில் இந்தியாவில் தந்திக் கம்பி அமைத்த பெருமையும் அவருக்கே உரியது. நாட்டு மருத்துவர்களிடம் கேட்டறிந்தும், முதலில் விலங்குகளுக்குக் கொடுத்துப் பார்த்தும், பின்னர் நோயாளிகளுக்கு அளித்தும் தாம் கண்டவற்றை 1839 ஆம் ஆண்டில் அவர் வெளியிட்டார்.

அவர் கண்டவற்றுள் இரண்டை ஈண்டுக் குறித்தல் வேண்டும். வெறிநாய்க் கடியால் நீரைக் கண்டு நடுங்கிய நோயாளி ஒருவருக்குக் கஞ்சாப் பிசினைக் கொடுத்தார். உயிரைக் காக்க இயலவில்லை. ஆயினும் இறுதி நாள்களின் கொடுந்துன்பம் தணிந்தது. பிறந்து நாற்பது நாளே ஆன பெண் குழந்தை ஒன்று வலிப்பினால் துடித்தபோது, கஞ்சாச் சாற்றைத் துளிக்கணக்கில் அளித்தார். அளவைப் படிப்படியாக உயர்த்த வேண்டியிருந்தது. எனினும் குழந்தை பிழைத்தது.

அவர் தீமைகளையும் மறைத்தாரல்லர். கீல்வாத நோயாளிகளுள் ஒருவர் சிறிதளவு பிசினை உண்டதும், பிறர் தூக்கி நிறுத்திய கையும் காலும் நின்றவாறே நிற்க, மரம்போல் கிடந்தார். மருந்தை உண்டு பார்த்த மாணவர் ஒருவர் தம்மை அரசராகவே எண்ணிக் கட்டளையிடலானார். ஒரே பொருள் ஒருவர்க்கு ஒன்றும் மற்றொருவர்க்கு வேறொன்றும் செய்தது. அளவை உறுதிப்படுத்த இயலாமையே இம்மருந்தின் குறை என்பது அன்றே வெளிப்பட்டது.

1894 ஆம் ஆண்டின் அறிக்கை

கஞ்சா மக்களைப் பித்தராக்குகிறது என்னும் குற்றச்சாட்டு இங்கிலாந்து நாடாளுமன்றத்தில் எழவே, 1893 ஆம் ஆண்டில் இந்தியக் கஞ்சா ஆணையம் அமைக்கப்பட்டது. மேக்வொர்த் யங் தலைமையில் எழுவர் அடங்கிய அவ்வாணையம் 1,193 சான்றாளர்களை உசாவியது. 1892 ஆம் ஆண்டில் மனநோய் விடுதிகளில் சேர்க்கப்பட்டோருள் 222 பேருக்குக் கஞ்சாவே காரணம் என ஏடுகள் கூறின. ஒவ்வொன்றையும் துருவி ஆராய்ந்த ஆணையம், 98 பேரிடத்தில் மட்டுமே அது காரணமாகக் கொள்ளத்தக்கது எனக் கண்டது. காரணம் அறியாதவிடத்து ‘கஞ்சா’ என்று எழுதிவைப்பது விடுதி எழுத்தர்களின் வழக்கமாக இருந்தது.

மிதமாகக் கொள்வதால் பெருந்தீங்கு இல்லை. மிகையாகக் கொள்வது உடலையும் உள்ளத்தையும் கெடுக்கும். ஆதலின் முற்றாகத் தடை செய்யாமல் வரிவிதித்துக் கட்டுப்படுத்தலாம் என்பது ஆணையத்தின் முடிவு. இந்திய உறுப்பினர் மூவருள் இருவர் இம்முடிபுக்கு உடன்படவில்லை என்பதும் கருதத்தக்கது. பித்தர் தொகை 98 ஆகக் குறைந்ததே ஒழிய, இல்லையென்று ஆகவில்லை என்பதையும் நாம் மறத்தலாகாது.

வீழ்ச்சியும் மீட்சியும்

மருந்துக் கடைகளில் கஞ்சாச் சாறு நெடுநாள் நிலைக்கவில்லை. ஒரு புட்டியின் வீரியம் மற்றொரு புட்டிக்கு இல்லை. அது நீரில் கரையாது. ஆதலின் ஊசிவழி செலுத்தவும் இயலாது. மார்பின் ஊசியும், 1899 ஆம் ஆண்டில் வந்த ஆஸ்பிரினும் அதன் இடத்தைப் பற்றின. 1925 ஆம் ஆண்டின் ஜெனிவா உடன்படிக்கை அதன் பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தியது. 1932 ஆம் ஆண்டில் பிரித்தானிய மருந்து நூலிலிருந்து அது நீங்கியது. 1961 ஆம் ஆண்டின் ஐக்கிய நாட்டு உடன்படிக்கை, மிகக் கொடிய போதைப்பொருள்களின் வரிசையில் அதனை வைத்தது.

அளவின் புதிர் 1964 ஆம் ஆண்டில் அவிழத் தொடங்கியது. இஸ்ரேலிய அறிஞர் இரபேல் மெக்கூலமும் அவர்தம் துணைவர் காவோனியும், மயக்கம் தரும் டெட்ரா ஹைட்ரோ கன்னாபினால் என்னும் பொருளைத் தனித்துப் பிரித்தனர். அதற்கு முந்திய ஆண்டிலேயே மயக்கம் தராத கன்னாபிடையால் என்னும் பொருளின் அமைப்பை மெக்கூலம் கண்டறிந்திருந்தார். நம் மூளை தானே சுரக்கும் இத்தகைய பொருள் ஒன்று 1992 ஆம் ஆண்டில் கண்டறியப்பட்டது. அதற்கு ‘ஆனந்தம்’ என்னும் சொல்லைக் கொண்டு ‘ஆனந்தமைடு’ எனப் பெயரிட்டனர்.

தனித்துப் பிரித்ததனால் அளக்க முடிந்தது. அளக்க முடிந்ததனால் மீண்டும் மருந்தாயிற்று. புற்றுநோய் மருத்துவத்தால் எழும் குமட்டலைத் தணிக்கும் மாத்திரைகள் 1985 ஆம் ஆண்டில் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்றன. நரம்புத் தளர்ச்சி நோயொன்றில் தோன்றும் தசை இறுக்கத்துக்கு வாய்த்தெளிப்பு மருந்து வந்தது. குழந்தைகளைத் தாக்கும் இரு கொடிய வலிப்பு நோய்களுக்குத் தூய கன்னாபிடையால் மருந்து 2018 ஆம் ஆண்டில் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்றது. கல்கத்தாக் குழந்தைக்கும் இம்மருந்துக்கும் இடையே 179 ஆண்டுகள் கடந்தன. 2020 ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்களில் ஐக்கிய நாட்டு ஆணையம் 27க்கு 25 என்னும் வாக்கில் கஞ்சாவை மிகக் கொடிய வரிசையிலிருந்து நீக்கியது. எனினும் அது கட்டுப்பாட்டுக்கு உட்பட்ட பொருளாகவே நீடிக்கிறது.

கேடுகளும் ஐயத்துக்கு இடமின்றி நிறுவப்பட்டுள்ளன. பழகியோருள் ஏறத்தாழப் பத்தில் ஒருவர் அதற்கு அடிமையாகின்றனர். இளமையிலேயே, வீரியம் மிக்கதை நாள்தோறும் கொள்வோர்க்கு மனச்சிதைவு நேரும் வாய்ப்பு மிகுகிறது. கருவுற்ற மகளிர் கொண்டால் குழந்தையின் எடை குறைகிறது. மயக்கம் தராத கன்னாபிடையாலும் ஈரலைத் தாக்கக் கூடும். குருதி உறையாமைக்குக் கொடுக்கும் மருந்தோடு முரண்படவும் கூடும்.

நம் நாடும் நம் கடமையும்

மலேசியாவில் 1952 ஆம் ஆண்டின் ஆபத்தான போதைப்பொருள் சட்டம் கஞ்சாவைத் தடை செய்கிறது. 200 கிராம் வைத்திருப்பவரைக் கடத்துபவராகவே சட்டம் ஊகிக்கும். கடத்தலுக்கு 1983 ஆம் ஆண்டு முதல் கட்டாய மரண தண்டனை இருந்தது. 2023 ஆம் ஆண்டில் அக்கட்டாயம் நீங்கியது. தண்டனை நீங்கவில்லை. பதிவு பெற்ற மருந்தாயின், உரிய உரிமத்துடன் மருத்துவத்துக்குப் பயன்படுத்தச் சட்டம் இடந்தருகிறது என 2021 ஆம் ஆண்டில் சுகாதார அமைச்சர் நாடாளுமன்றத்தில் தெரிவித்தார். யாரோ கொண்டுவரும் பெயரற்ற புட்டிக்கு அவ்விடம் இல்லை.

எனவே மாணவனிடம் இவ்வாறு கூறினேன்: “தம்பி, அளந்து கொடுப்பார் கையில் அது மருந்து, அளவறியார் கையில் நஞ்சு. புற்றுநோயை அது மாற்றும் என்பதற்கு மனிதரிடத்தில் நிறுவப்பட்ட சான்று இல்லை. பாட்டியின் வலியை மறைக்காமல் மருத்துவரிடம் சொல்லச் சொல். வலியைத் தணிக்க அவர்களிடம் வழி உண்டு.”

சில நாள் கழித்து அவன் வந்தான். மருத்துவர் மார்பின் மருந்து கொடுத்ததாகவும், பாட்டி இரவில் உறங்குவதாகவும் கூறினான். மார்பின் அபினியிலிருந்து எடுக்கப்படுவது. பினாங்கில் அன்று ஏலம் விட்டு விற்கப்பட்ட அதே அபினி, இன்று அளவுகுறித்து ஒரு மூதாட்டியின் நோவைத் தணிக்கிறது. திருவள்ளுவர் ‘மருந்து’ என்னும் அதிகாரத்தில் அளவையே பெரிதும் வலியுறுத்தியதன் பொருளை அவனுக்கு விளக்க அன்று நான் மிகுதியாகப் பேச வேண்டியிருக்கவில்லை.