பேறுகாலத் தேதி: ஒரு கணக்கின் வரலாறு

கர்ப்பிணி ஒருவர் ஆரம்ப சுகாதார நிலையத்தில் முதன்முதலாகப் பதிவு செய்துகொள்ளும்போது அவரது தாய் சேய் பாதுகாப்பு அட்டையில் இரண்டு தேதிகள் எழுதப்படுகின்றன. ஒன்று, கடைசி மாதவிடாயின் முதல் நாள். செவிலியர் வாயில் அது எல்.எம்.பி. மற்றொன்று, குழந்தை பிறக்கக்கூடும் என்று கணித்த நாள், அது இ.டி.டி. முதல் தேதி தாயின் நினைவிலிருந்து வருகிறது, இரண்டாவது அதைக் கொண்டு போட்ட கணக்கிலிருந்து. தாய்வீட்டுக்கு அழைத்துப்போவது, மகப்பேறு விடுப்புக்கு எழுதிக்கொடுப்பது, ‘டேட் தாண்டிப்போச்சு’ என்று பதறி மருத்துவமனைக்கு ஓடுவது எல்லாம் இந்த இரண்டாவது தேதியைச் சுற்றியே நடக்கின்றன. இவ்வளவு அதிகாரம் பெற்ற அந்தக் கணக்கு எங்கிருந்து வந்தது, எந்தச் சான்றின்மேல் நிற்கிறது என்பதே இக்கட்டுரையின் கேள்வி. என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடந்த இருநூறு ஆண்டுகளில் மருத்துவம் பெரிதும் திருத்திக்கொண்டது, கர்ப்பம் எப்போது தொடங்கியது என்று அறியும் முறையைத்தான். அது எந்த நாளில் முடியும் என்பதற்கு நம்மிடம் அன்றும் இன்றும் இருப்பது ஒரு சராசரி.

பழைய நூல்கள் ஒற்றை நாளைக் குறிக்கவில்லை, ஒரு கால எல்லையைச் சொல்லி நிறுத்திக்கொண்டன. மற்ற விலங்குகளைப் போலன்றி மனிதருக்குப் பேறுகாலம் நிலையாக இல்லை, ஏழாம் மாதம் முதல் பத்தாம் மாதம் வரை பிறப்பதுண்டு என்று அரிஸ்டாட்டில் எழுதினார். சரக சம்ஹிதை ஒன்பதாம் மாதத் தொடக்கத்திலிருந்து பத்தாம் மாதம் வரை என்றது. சுசுருத சம்ஹிதை இன்னும் தாராளமாக, ஒன்பது முதல் பன்னிரண்டு வரை ஏதேனும் ஒரு மாதத்தில் என்றது. ஏழாம் மாதப் பிள்ளை தங்கும், எட்டாம் மாதப் பிள்ளை தங்காது என்ற நம்பிக்கையும் இந்தப் பழைய அடுக்கைச் சேர்ந்தது. கிரேக்கத்தின் ஹிப்போகிரட்டீஸ் மரபு நூல்களில் அது இருக்கிறது. எட்டாம் மாதத்தில் ஓஜஸ் என்னும் உயிர்ச்சத்து தாய்க்கும் சேய்க்கும் இடையே அலைவதால் அப்போது பிறப்பது ஆபத்து என்று சரகமும் சொல்கிறது. நம் வீட்டுப் பெரியவர்கள் இன்றும் இதைச் சொல்லக் கேட்கலாம். அது தவறு. கருவில் கூடுதலாக இருக்கும் ஒவ்வொரு வாரமும் குறைமாதக் குழந்தைக்குப் பலம்தான். ஆனால் கால எல்லையைச் சொன்ன விதத்தில் பழையவர்கள் உண்மைக்கு அருகே நின்றார்கள் என்பதை இக்கட்டுரையின் பிற்பகுதி காட்டும். நம் வழக்கில் உள்ள ‘பத்து மாதம்’ 28 நாள் கொண்ட மாதமாக எண்ணினால் 280 நாள் ஆகிறது. இன்றைய மருத்துவக் கணக்கும் அதுவே.

எல்லையிலிருந்து நாளுக்கு நகர்ந்தது ஐரோப்பாவில். 18ஆம் நூற்றாண்டில் ஹாலந்தின் லைடன் பல்கலைக்கழகத்தில் கற்பித்த ஹெர்மன் பூர்ஹாவே, பெண்கள் பெரும்பாலும் மாதவிடாய் முடிந்த கையோடு கருத்தரிக்கிறார்கள் என்று கருதினார். கடைசி மாதவிடாய்க்குப் பின் ஒரு வாரத்தைக் கூட்டி, அங்கிருந்து ஒன்பது மாதம் எண்ணினால் ஏறத்தாழ எல்லாப் பிறப்புகளும் பொருந்தி வருகின்றன என்பது அவர் சொன்னது. இதற்குப் பிரான்சில் நடந்த கவனிப்புகளை அவர் ஆதாரமாகக் காட்டினார். ஜெர்மனியின் ஹைடல்பர்க்கில் மகப்பேறு மருத்துவராக இருந்த ஃபிரான்ஸ் கார்ல் நேகலே, 1830இல் மருத்துவச்சிகளுக்காக எழுதிய பாடநூலில் இந்தக் கணக்கை எளிமையாக்கிச் சேர்த்தார். மூன்று மாதத்தைக் கழி, ஏழு நாளைக் கூட்டு. இன்றும் உலகெங்கும் மருத்துவ மாணவர்கள் மனப்பாடம் செய்யும் நேகலே விதி இதுதான். கணக்கைப் பூர்ஹாவேயிடமிருந்து பெற்றதை நேகலே மறைக்கவில்லை. பின்னால் வந்தவர்கள்தான் பூர்ஹாவேயை மறந்தார்கள்.

விதியின் அடியில் இரண்டு ஓட்டைகள் இருந்தன. முதலாவது, மாதவிடாயின் முதல் நாளிலிருந்து எண்ணுவதா, கடைசி நாளிலிருந்தா என்பது. பூர்ஹாவே சொன்னதை இரண்டு விதமாகவும் வாசிக்கலாம். முதல் நாளே என்பது பின்னர் நிலைத்த வழக்கம். கடைசி நாளிலிருந்து எண்ணியிருந்தால் பேறுகாலத் தேதி நான்கைந்து நாள் தள்ளிப்போயிருக்கும். இந்தக் குழப்பம் நம் ஊரில் வேறு வடிவில் இன்றும் உண்டு. சில பெண்கள் உதிரம் கண்ட நாளைச் சொல்வார்கள், சிலர் தலைக்குக் குளித்த நாளைச் சொல்வார்கள். அனுபவமுள்ள செவிலியர் இரண்டையும் பிரித்துக் கேட்டுத்தான் எழுதுவார்.

இரண்டாவது ஓட்டை நாட்காட்டியிலேயே இருக்கிறது. மாதங்கள் சம நீளமுள்ளவை அல்ல என்பதால் நேகலே விதி எல்லோருக்கும் ஒரே எண்ணிக்கையைத் தருவதில்லை. ஜூன் 10 கடைசி மாதவிடாய் என்றால் விதி தரும் நாள் மார்ச் 17. லீப் ஆண்டு குறுக்கிடாவிட்டால் இடையில் 280 நாள். மே 10 என்றால் பிப்ரவரி 17; இடையில் 283 நாள். ஒரே விதி, மூன்று நாள் வேறுபாடு. இதைச் சரிசெய்யவே பிற்காலத்தில் 280 நாள் என்ற நேரடி எண்ணிக்கையும், 40 வாரம் என்ற கணக்கும் மேலோங்கின.

நேகலே இந்த விதியை எழுதியபோது சினைமுட்டை எப்போது வெளிப்படுகிறது என்று யாருக்கும் தெரியாது. பாலூட்டிகளின் சினைமுட்டையைக் கார்ல் எர்ன்ஸ்ட் வான் பேயர் கண்டதே 1827இல்தான். 19ஆம் நூற்றாண்டின் பெரும்பகுதியில், மாதவிடாயை ஒட்டியே முட்டை வெளிவருகிறது என்று அறிஞர்கள் நம்பினார்கள். ஜப்பானின் கியூசாகு ஒகினோ 1924இலும், ஆஸ்திரியாவின் ஹெர்மன் கனவுஸ் அதற்குச் சில ஆண்டுகள் கழித்தும் தனித்தனியே நிறுவியது வேறு: அடுத்த மாதவிடாய்க்கு ஏறத்தாழ இரண்டு வாரம் முன்பாக முட்டை வெளிவருகிறது. அப்படியானால் 28 நாள் சுழற்சி உள்ளவருக்குக் கரு உண்டானதிலிருந்து பிறப்பு வரை சுமார் 266 நாள். 35 நாள் சுழற்சி உள்ளவருக்கு முட்டை ஒரு வாரம் தாமதமாக வெளிவரும். நேகலே விதி அவரது தேதியை ஒரு வாரம் முன்னதாகக் காட்டிவிடும். தவறான காரணத்திலிருந்து பிறந்த ஒரு விதி சராசரிப் பெண்ணுக்குச் சரியாக அமைந்தது தற்செயல். மாதவிடாய் ஒழுங்கில்லாதவர்களுக்கும், பாலூட்டும் காலத்தில் மறுபடி கருவுற்றவர்களுக்கும் அந்தத் தற்செயல் உதவவில்லை.

மருத்துவத்தில் ஒரு மதிப்பீடாக இருந்த எண், நீதிமன்றத்தில் வேலியாயிற்று. கணவன் இறந்து பத்து மாதத்துக்குள் பிறந்த குழந்தைக்கு ரோமானியச் சட்டம் வாரிசுரிமை தந்தது. 1804ஆம் ஆண்டின் பிரெஞ்சு சிவில் சட்டம் 300 நாள் என்றது. இங்கிலாந்தில் இப்படி எண் எதுவும் இல்லாததால் வழக்குகள் மருத்துவர்களைச் சாட்சிக்கூண்டில் ஏற்றின. கார்ட்னர் பட்டத்துக்கான உரிமை வழக்கை 1825–26இல் பிரபுக்கள் சபை விசாரித்தது. கடற்படை அதிகாரி ஒருவர் 1802 ஜனவரி இறுதியில் மனைவியைப் பிரிந்து கடலுக்குப் போய் ஜூலையில் திரும்பினார். டிசம்பரில் குழந்தை பிறந்தது. திரும்பிய நாளிலிருந்து எண்ணினால் ஐந்து மாதம், போன நாளிலிருந்து எண்ணினால் சுமார் 311 நாள். புகழ்பெற்ற மகப்பேறு மருத்துவர்கள் வந்து, அவ்வளவு காலம் ஆகலாம் என்று சிலரும் ஆகவே ஆகாது என்று சிலரும் சாட்சி சொன்னார்கள். மற்றச் சான்றுகளையும் பார்த்து, குழந்தை அவருடையது அன்று என்று சபை தீர்த்தது.

நமக்கு நேரடியாகத் தொடர்புள்ளது 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டம். ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீஃபன் வரைந்த அச்சட்டத்தின் 112ஆம் பிரிவு, மண உறவு முடிந்து 280 நாளுக்குள், தாய் மறுமணம் செய்யாத நிலையில் பிறந்த குழந்தையை அந்த மணத்தின் முறையான பிள்ளையாக உறுதியாகக் கொண்டது. இலங்கையின் 1895ஆம் ஆண்டுச் சாட்சியக் கட்டளைச் சட்டமும் அதே எண்ணை ஏற்றது. 2024 ஜூலையில் இந்தியாவில் நடைமுறைக்கு வந்த புதிய சாட்சியச் சட்டத்தின் 116ஆம் பிரிவிலும் 280 அப்படியே நிற்கிறது. 281ஆம் நாளில் பிறந்த பிள்ளை முறையற்றது என்று இச்சட்டம் சொல்லவில்லை. அந்தப் பிள்ளைக்குச் சட்டத்தின் தானான பாதுகாப்பு கிடைக்காது, அவ்வளவே. ஆனாலும் ஒரு சராசரியை எல்லைக்கோடாக வைத்தது நியாயமில்லை என்பது என் கருத்து. சராசரி என்றாலே அதைத் தாண்டிப் பிறப்பவர் ஏராளம் என்றுதான் பொருள்.

நாளைக் கணிப்பது ஒரு புறம் இருக்க, கரு வளர்வதைத் தொடர்ந்து பார்க்கும் கலை வேறொரு வழியில் வந்தது. வெகுகாலம் தாயின் உணர்வே சான்று: தலைப்பிள்ளை என்றால் 18 முதல் 20 வாரத்தில் துடிப்பு தெரியும், அடுத்த பிள்ளைகளுக்குச் சற்று முன்னதாக. 1818இல் ஜெனிவாவின் ஃபிரான்சுவா மேயர் தாயின் வயிற்றில் காதை வைத்துக் கருவின் இதய ஒலியைக் கேட்டார். சில ஆண்டுகளில் பாரிஸின் கெர்கரதெக் ஸ்டெதாஸ்கோப்பால் அதைக் கேட்டு விரிவாக எழுதினார். 1906இல் எல்லிஸ் மெக்டொனால்ட், கருப்பையின் உயரத்தை டேப்பால் அளந்து மாதம் சொல்லும் முறையை வெளியிட்டார். 20 வாரத்துக்குப் பின் சென்டிமீட்டர் எண்ணும் வார எண்ணும் ஏறத்தாழ ஒத்துப்போகும். நம் கிராம சுகாதார செவிலியர்கள் இன்றும் கையாளும் முறை இது. எந்தெந்த வாரத்தில் பரிசோதனைக்கு வரவேண்டும் என்ற அட்டவணையை 1929இல் பிரிட்டிஷ் சுகாதார அமைச்சகம் வகுத்தது. மாதம் ஒருமுறை, பிறகு இரு வாரத்துக்கு ஒருமுறை, கடைசியில் வாரந்தோறும் என்ற பழக்கத்தின் வேர் அதுவே.

பெரிய திருப்பம் கிளாஸ்கோ நகரில் நிகழ்ந்தது. இரும்புக் கொதிகலன்களில் விரிசல் தேடப் பயன்பட்ட மீயொலிக் கருவியை 1955இல் ஒரு கொதிகலன் தொழிற்சாலையில் சோதித்துப் பார்த்தார் மகப்பேறு மருத்துவர் இயன் டொனால்ட். அறுவையில் எடுத்த கட்டிகளைக் காரில் ஏற்றிக்கொண்டு போய் அவற்றின்மேல் அந்தச் சோதனையைச் செய்தார். பொறியாளர் டாம் பிரவுன், மருத்துவர் ஜான் மெக்விகர் ஆகியோருடன் சேர்ந்து அவர் எழுதிய கட்டுரை 1958 ஜூனில் லான்செட் இதழில் வந்தது. பத்தாண்டில் ஸ்டூவர்ட் கேம்ப்பெல் கருவின் தலைக் குறுக்களவைத் துல்லியமாக எடுக்கும் முறையைத் தந்தார். 1973இல் ஹியூ ராபின்சன், தலை உச்சியிலிருந்து பிட்டம் வரையிலான நீளத்தை அளந்து கருவின் வயதைச் சொன்னார். ஸ்கேன் அறிக்கைகளில் சி.ஆர்.எல். என்று வருவது அதுதான். 1975இல் ஃபிளெமிங்குடன் சேர்ந்து அவர் காட்டிய பிழை, ஒற்றை அளவீட்டுக்கு ஐந்து நாளுக்கும் குறைவு.

இந்தத் துல்லியத்துக்குக் காரணம் கருவின் இயல்பு. முதல் மூன்று மாதத்தில் எல்லாக் கருவும் ஏறத்தாழ ஒரே வேகத்தில் வளர்கிறது. பிறகு பரம்பரை, தாயின் ஊட்டம், சர்க்கரை நோய், நஞ்சுக்கொடியின் திறன் எல்லாம் சேர்ந்து அளவை வேறுபடுத்துகின்றன. ஆகவே எட்டாம் மாத ஸ்கேனில் குழந்தை சிறியதாகத் தெரிந்தால் வயது குறைவாகவும் இருக்கலாம், வளர்ச்சி குன்றியும் இருக்கலாம். கருவி இதைப் பிரித்துச் சொல்லாது. அமெரிக்க மகப்பேறு மருத்துவர் கல்லூரியின் 2017ஆம் ஆண்டு வழிகாட்டுதல் இந்த அறிவின்மேல் எழுந்தது. ஒன்பது வாரம் நிறையும் முன் ஸ்கேனும் எல்.எம்.பி.யும் ஐந்து நாளுக்கு மேல் வேறுபட்டால் தேதியை மாற்றலாம். 28 வாரத்துக்குப் பின் 21 நாளுக்கு மேல் வேறுபட்டால் மட்டுமே அதை யோசிக்கலாம்.

தொடக்கம் துல்லியமான பின்பு முடிவும் துல்லியமாகும் என்று எதிர்பார்த்தவர்கள் ஏமாந்தார்கள். 1990இல் ராபர்ட் மிட்டன்டார்ஃப் குழுவினர், தலைப்பிள்ளை நேகலே சொன்ன நாளுக்குச் சராசரியாக எட்டு நாள் தாமதமாகப் பிறக்கிறது என்று கண்டார்கள். 2013இல் ஜூக்கிக் குழுவினர் இன்னும் நுட்பமாகப் போனார்கள். தினமும் சிறுநீரில் ஹார்மோன் பார்த்து, முட்டை வெளிவந்த நாளே தெரிந்திருந்த 125 கர்ப்பங்களை எடுத்துக்கொண்டார்கள். குறைப்பிரசவங்களை நீக்கிய பிறகும் பேறுகால நீளத்தில் 37 நாள் வேறுபாடு இருந்தது. நாள் எண்ணுவதில் பிழையே இல்லாத இடத்திலும் ஐந்து வாரத்துக்கு மேல் விரிவு இருக்குமானால், அது உடலின் இயற்கை. குறித்த தேதியிலேயே பிறக்கும் குழந்தைகள் நூற்றுக்கு நான்கைந்துதான்.

அப்படியானால் இந்தத் தேதி எதற்கு என்று கேட்பது சரியல்ல. 34 வாரத்துக்கு முன் வலி வந்தால் நுரையீரலை முதிர்விக்கும் ஊசி போடுவது, 41 வாரம் தாண்டினால் வலி வரவழைப்பது, கருக்கலைப்புச் சட்டத்தின் 20 வார, 24 வார வரம்புகள் எல்லாம் கருவின் வயதைச் சார்ந்தவை. தேதி பிழையானால் முதிராத குழந்தை வெளியே எடுக்கப்படும், அல்லது காத்திருக்கக் கூடாத குழந்தை காக்கவைக்கப்படும். 24 வாரத்துக்கு முன் ஒரு ஸ்கேனாவது வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 2016இல் பரிந்துரைத்தது இதனால்தான். ஆரம்பத்தில் ஸ்கேன் வாய்க்காதவர்களுக்கு ஒரு வழி நம் பக்கத்திலிருந்தே வந்திருக்கிறது. ஐ.ஐ.டி. மெட்ராஸும் ஃபரீதாபாதின் டி.எச்.எஸ்.டி.ஐ. நிறுவனமும் இந்தியத் தாய்மார்களின் தரவைக் கொண்டு ‘கர்ப்பிணி–ஜி.ஏ.2’ என்ற கணிப்பு முறையை உருவாக்கி 2024இல் வெளியிட்டன. மேற்கத்தியத் தாய்மார்களின் அளவுகளிலிருந்து வந்த பழைய சூத்திரங்களைவிட நான்காம் மாதத்துக்குப் பிந்தைய கணிப்பில் இதன் பிழை குறைவு.

நடைமுறையில் இன்னும் ஒரு குழப்பம் தீரவில்லை. ஒவ்வொரு ஸ்கேன் அறிக்கையும் தன் அளவை வைத்துப் புதிதாக ஒரு பேறுகாலத் தேதியை அச்சிடுகிறது. மூன்று ஸ்கேன் எடுத்தவர் கையில் மூன்று தேதிகள். வீட்டார் எதை நம்புவது? நாள் தள்ளிப்போனதும் 12 வாரத்துக்குள் பதிவு செய்து ஸ்கேன் எடுங்கள். அதில் உறுதியான தேதியை, எதை வைத்துக் கணித்தது என்ற குறிப்போடு அட்டையில் எழுதித் தரச் சொல்லுங்கள். பிந்தைய அறிக்கைகளைக் கண்டு அதை மாற்றிக்கொள்ளாதீர்கள். மருத்துவர்களும் அந்த ஒரு தேதியுடன், 37 வாரம் முடிவதிலிருந்து 42 வாரம் முடிவது வரையிலான காலத்தையும் சேர்த்தே தாய்மாருக்குச் சொல்ல வேண்டும்.