மலையடிவாரக் காய்ச்சல்



திண்டுக்கல்லிலிருந்து கிழக்கு நோக்கிச் செல்லும் சாலையில் சற்றேறக்குறைய 35 கிலோமீட்டர் சென்றால் நத்தம் என்னும் ஊரை அடையலாம். மேற்கே சிறுமலை, வடக்கே கரந்தமலை, தெற்கே அழகர்மலை. இம்மூன்று மலைகளும் சூழ்ந்த இடத்தில் மாந்தோப்புகளும் புளியமரச் சாலைகளும் நிறைந்து அமைந்தது எங்கள் ஊர். வரலாற்று நூல்களில் நத்தத்தின் பெயர் இடம்பெறுவது பெரும்பாலும் ஒரு போரை ஒட்டியே ஆகும். 1755-ஆம் ஆண்டில் கர்னல் ஹெரான் என்பவரின் கீழ்த் திரும்பி வந்த கும்பினிப் படையை நத்தம் கணவாயில் கள்ளர்கள் வழிமறித்துத் தாக்கிய செய்தியைப் பலரும் எழுதியிருக்கின்றனர். ஆனால் நான் இன்று பேச எடுத்துக்கொண்டது அந்தப் போரைப் பற்றியன்று. படையும் ஆரவாரமும் இன்றி, தலைமுறை தலைமுறையாக இம்மலையடிவாரத்து மக்களை வாட்டிய காய்ச்சலைப் பற்றியே பேசப் போகிறேன்.

நான் சிறுவனாக இருந்தபோது என் பாட்டியார் ஒரு கட்டுப்பாடு வைத்திருந்தார். சிறுமலை வாழைத் தோட்டங்களுக்கு வேலையாகச் செல்வோர் எவராயினும் பொழுது சாயுமுன் அடிவாரத்தை விட்டு வந்துவிட வேண்டும் என்பதே அது. "மலைத்தண்ணி ஆகாதுப்பா, குளிர்காய்ச்சல் பிடிச்சுக்கிடும்" என்று சொல்லுவார். அவருடைய தம்பி ஒருவர் எட்டு வயதில் அந்தக் காய்ச்சலுக்கு இரையானவர். ஒருநாள் விட்டு ஒருநாள் பற்கள் கிட்டிப் போகும்படி குளிர் வரும். பின்பு உடல் கொதிக்கும். பின்பு வியர்த்து ஓயும். சில திங்களில் பிள்ளையின் இடப்பக்க வயிற்றில் கல்லைப் போல ஒரு கட்டி தோன்றியதாம். காய்ச்சற்கட்டி என்று ஊரார் அதனைக் கூறினர். மண்ணீரல் வீங்கியதால் தோன்றுவது அக்கட்டி என்பதை நான் பிற்காலத்தில்தான் படித்து அறிந்தேன்.

பாட்டியார் சொன்ன காரணம் தவறு. ஆனால் அவர் வைத்த கட்டுப்பாடு சரியானது. இந்த விந்தையை விளங்கிக்கொள்ள நாம் இருநூறு ஆண்டுகள் பின்னோக்கிச் செல்ல வேண்டும்.

1809, 1810, 1811 ஆகிய மூன்று ஆண்டுகளில் கோயம்புத்தூர், மதுரை, திண்டுக்கல், திருநெல்வேலி ஆகிய சீமைகளில் ஒரு பெருங்காய்ச்சல் பரவியது. திண்டுக்கல் சீமை கும்பினியார் கைக்கு வந்து அப்போது இருபது ஆண்டுகள்கூட நிறையவில்லை. மாண்டவர் போக, எஞ்சியவரும் ஏர் பிடிக்க வலுவின்றிக் கிடந்தனர். உழுபவன் படுத்துவிட்டால் நிலவரி எங்கிருந்து வரும்? அரசாங்கம் கவலை கொண்டது. இதன் காரணத்தை ஆராய்ந்து கூறுமாறு சென்னை அரசாங்கம் மருத்துவர் குழு ஒன்றை அமைத்தது. ஒயிட்லா ஐன்ஸ்லி, ஸ்மித், கிறிஸ்டி என்போர் அக்குழுவினர். இவர்களுள் ஐன்ஸ்லி என்பவர் நம் நாட்டு மருந்துச் சரக்குகளைத் தமிழ்ப் பெயர்களுடன் தொகுத்து 1813-ல் நூல் வெளியிட்டவர். குழுவின் அறிக்கை 1816-ல் இலண்டனில் அச்சாயிற்று. அதன் தலைப்பிலேயே மருத்துவம், நிலவியல்பு, வேளாண்மை ஆகிய மூன்றும் இடம்பெற்றிருக்கின்றன. நோயை மட்டும் பார்த்தால் போதாது, நோய் வந்த நிலத்தையும் நீரையும் பயிரையும் பார்க்க வேண்டும் என்று அவர்கள் கருதியது பெரிதும் பாராட்டுதற்குரியது.

எனினும் அக்காலத்து மருத்துவ அறிவுக்கு ஓர் எல்லை இருந்தது. ஈர நிலத்திலிருந்தும் அழுகும் இலைதழைகளிலிருந்தும் எழும் கெட்ட ஆவியே காய்ச்சலுக்குக் காரணம் என்று உலகெங்கும் மருத்துவர்கள் நம்பினர். 'மலேரியா' என்ற இத்தாலியச் சொல்லுக்கே 'கெட்ட காற்று' என்பதுதான் பொருள். மழையைக் கண்டனர், தேங்கிய நீரைக் கண்டனர், காட்டைக் கண்டனர். அந்த நீரில் பிறந்து அந்தக் காட்டிலிருந்து பறந்து வந்து தங்கள் புறங்கையிலேயே அமர்ந்த கொசுவை மட்டும் அவர்கள் காரணமாகக் காணவில்லை. அவர்கள் விவரித்த காய்ச்சல் பெரும்பாலும் மலேரியாவே என்று இன்று கருதப்படுகிறது.

உண்மை வெளிப்பட மேலும் எண்பத்தாறு ஆண்டுகள் ஆயின. 1897 ஆகஸ்டு 20-ஆம் நாள், செகந்திராபாத்தில் இராணுவ மருத்துவராக இருந்த ரொனால்டு ராஸ், நோயாளி ஒருவரைக் கடித்த அனாபிலிஸ் கொசுவின் இரைப்பைச் சுவரில் மலேரியாக் கிருமியைக் கண்டார். மறு ஆண்டு கல்கத்தாவில் பறவைகளைக் கொண்டு ஆராய்ந்து, கொசுக்கடியினாலேயே கிருமி பரவுகிறது என்பதை நிலைநாட்டினார். 1902-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. அனாபிலிஸ் கொசு அந்தி முதல் விடியல் வரை கடிப்பது. ஆதலின் பொழுது சாயுமுன் அடிவாரத்தை விட்டு வந்துவிடு என்ற என் பாட்டியாரின் சொல், காரணம் அறியாமலேயே கண்ட உண்மை ஆகும். குடித்த மலைத்தண்ணீரில் குற்றமில்லை. அந்தத் தண்ணீரின் ஓரத்தில் பிறந்த கொசுவிடமே குற்றம் இருந்தது.

காரணம் தெரியுமுன்பே மருந்து நம் நாட்டுக்கு வந்துவிட்டது. தென் அமெரிக்கச் சின்கோனா மரத்தின் பட்டையிலிருந்து 1820-ல் பிரெஞ்சு வேதியியலார் குயினாவைப் பிரித்தெடுத்தனர். 1860-க்குப் பின் நீலகிரியில் சின்கோனாத் தோட்டங்கள் அமைந்தன. நடுவட்டத்தில் அரசாங்கத் தொழிற்சாலையும் ஏற்பட்டது. எங்கள் ஊர்ப் பெரியவர்கள் 'கொயினா' என்று முகம் சுளித்துக்கொண்டு கூறும் அந்தக் கசப்பு மருந்து நம் மலையிலேயே விளைந்ததுதான். ஆயினும் மருந்து, வந்த காய்ச்சலைத் தணிக்குமேயன்றி, வரும் கொசுவைத் தடுக்காது.

மலையடிவாரத்துக்கு மட்டுமே உரிய நோய் இது என்று எண்ணிவிடுதல் கூடாது. 1934-ல் மேட்டூர் அணை நிறைவெய்தி, புதிய கால்வாய் வழியாகப் பட்டுக்கோட்டைப் பகுதிக்குக் காவிரி நீர் சென்றது. வறண்ட நிலம் வயலாயிற்று. அதனோடு மலேரியாவும் புகுந்தது. கசிவு நீர்க் குட்டைகளிலும் புல் மண்டிய வாய்க்கால்களிலும் அனாபிலிஸ் பெருகியதே காரணம். ராக்பெல்லர் அறநிலையத்தைச் சேர்ந்த பால் ரஸ்ஸல் என்னும் அறிஞரும் அவருடன் பணியாற்றிய நம்மவரும் அங்கு ஆராய்ச்சி நடத்தினர். பைரித்திரம் என்னும் ஒருவகைப் பூவின் சாற்றை வீடுகளுக்குள் தெளித்துக் காய்ச்சல் குறைவதைக் கண்டனர். நோயை உண்டாக்குவது மலையன்று, மனிதன் நீரைக் கையாளும் முறையே என்பதைப் பட்டுக்கோட்டை நமக்குக் கற்பித்தது.

விடுதலை பெற்ற காலத்தில் இந்தியாவில் ஆண்டுதோறும் ஏழரைக் கோடிப் பேர் மலேரியாவால் துன்புற்றனர் என்றும், எட்டு லட்சம் பேர் இறந்தனர் என்றும் மதிப்பிட்டனர். 1953-ல் தேசிய மலேரியாக் கட்டுப்பாட்டுத் திட்டம் தொடங்கியது. 1958-ல் அது ஒழிப்புத் திட்டமாக மாறியது. ஊர் ஊராக டி.டி.டி. மருந்தைச் சுவரில் அடித்தனர். 1965-ல் நாடு முழுவதிலும் நோயுற்றோர் ஒரு லட்சம் அளவினரே. வெற்றி கைகூடியது என்று அனைவரும் எண்ணினர். கவனம் தளர்ந்தது, கொசுவும் மருந்தைத் தாங்கப் பழகியது. 1976-ல் அறுபத்து நான்கு லட்சத்துக்கு மேற்பட்டோர் நோயுற்றனர். இலங்கையிலும் இதே கதை நடந்தது. 1963-ல் அத்தீவு முழுவதிலும் பதினேழு பேருக்கே மலேரியா இருந்தது. 1968-ல் அது மீண்டும் பெருநோயாகப் பரவியது. மனந்தளராது உழைத்து, 2016-ல்தான் இலங்கை மலேரியா அற்ற நாடு என்ற சான்றினை உலக சுகாதார நிறுவனத்திடம் பெற்றது.

இவற்றையெல்லாம் நான் ஆர்வத்தோடு படித்துக் குறிப்பெடுத்து வந்த காலத்தில் என் வீட்டிலேயே ஒரு நிகழ்ச்சி நேர்ந்தது. அதனைச் சொல்ல வெட்கமாகவே இருக்கிறது. ஆயினும் சொல்ல வேண்டும். என் பேத்திக்குக் கடுங்காய்ச்சல் கண்டது. கண்ணுக்குப் பின்னே வலி, மூட்டு வலி, உடலில் சிவந்த புள்ளிகள். டெங்கு என்று மருத்துவர் கூறினார். ஐந்து நாள் மருத்துவமனையில் அவளுடைய கட்டிலருகே அமர்ந்திருந்தேன். ஒவ்வொரு நாளும் இரத்தத்தில் தட்டணுக்களின் எண்ணிக்கையைக் கேட்கக் காத்திருந்தபோது, எட்டு வயதில் மறைந்த அந்தப் பாட்டித் தம்பியின் நினைவே எனக்கு வந்தது. நல்லூழாகக் குழந்தை பிழைத்துக்கொண்டாள்.

வீடு திரும்பிய மறுநாள் சுகாதாரப் பணியாளரான ஓர் அம்மையார் கைவிளக்குடன் வந்தார். "ஐயா, பின்கட்டைப் பார்க்கலாங்களா?" என்று கேட்டார். பயன்படாமல் கிடந்த ஆட்டுக்கல்லின் குழியிலும், மூடி உடைந்த சிமெண்டுத் தொட்டியிலும் விளக்கைக் காட்டினார். தெளிந்த நீரில் புழுக்கள் நெளிந்துகொண்டிருந்தன. 1811-ஆம் ஆண்டு மருத்துவர்கள் கொசுவைக் காணவில்லை என்று எழுதி வைத்திருந்த நான், என் வீட்டுத் தொட்டியை ஒருநாளும் எட்டிப் பார்த்ததில்லை. அவர்களுக்கேனும் கொசுவைப் பற்றிய அறிவு அக்காலத்தில் இல்லை. எனக்கு என்ன சமாதானம் உண்டு?

டெங்குவையும், 1964-ல் சென்னையிலும் வேலூரிலும் பரவி 2006-ல் மீண்டும் தமிழகத்தை முடக்கிய சிக்குன்குனியாவையும் பரப்புவது ஏடிஸ் என்னும் கொசு. இது மலையோடையைத் தேடிச் செல்வதில்லை. குழாய்நீர் நாள்தோறும் வாராத ஊர்களில் நாம் சேமித்து வைக்கும் குடத்திலும் பீப்பாயிலும், வாசலில் எறிந்த தேங்காய்ச் சிரட்டையிலும் பழைய டயரிலும் பிறக்கிறது, பகலில் கடிக்கிறது. அதன் முட்டை பாத்திரத்தின் உட்சுவரில் ஒட்டிக்கொண்டு, நீர் வற்றினாலும் பல திங்கள் உயிரோடிருக்கும். எனவே நீரைக் கொட்டினால் மட்டும் போதாது. உட்புறத்தைத் தேய்த்துக் கழுவவும் வேண்டும். முட்டை கொசுவாக ஏழு முதல் பத்து நாட்களே ஆகும். ஆதலின் வாரம் ஒருநாள் எல்லாக் கலங்களையும் கவிழ்த்துத் தேய்த்துக் காயவைத்தல் முறையாகும். கழுவ இயலாத தொட்டியைக் கொசு நுழையாதபடி துணியால் வேடு கட்டலாம். கிணற்றில் கொசுப்புழுவைத் தின்னும் மீனை விடலாம். இரவில் கொசுவலைக்குள் உறங்குவதும், குழந்தைகளுக்குக் கைகால் மறையும் உடை அணிவிப்பதும் நல்லவை. பகலில் உறங்கும் குழந்தைக்கும் வலை வேண்டும். வேப்பிலைப் புகையும் நொச்சிப் புகையும் கொசுவைச் சிறிது நேரம் விலக்கும். ஆனால் தொட்டியிலுள்ள புழுவை அவை ஒன்றும் செய்யா. காய்ச்சல் கண்டால் தாமே மருந்து வாங்கி உண்ணாமல் இரத்தப் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும்.

நேயர்களே! என் பாட்டியார் காலத்தில் காய்ச்சலுக்கு அஞ்சி மலையை விட்டு இறங்கி ஓடினார்கள். இன்று நாம் ஓட வேண்டிய தொலைவு பின்கட்டு வரையில்தான். எங்கள் வீட்டில் வெள்ளிக்கிழமைதோறும் காலையில் தொட்டியைத் தேய்க்கிறோம். ஆட்டுக்கல் கவிழ்ந்து கிடக்கிறது. மறந்துவிட்டால் நினைவூட்டுவதற்கு என் பேத்தி இருக்கிறாள். அவள் ஒரு வாரமும் மறப்பதில்லை. உங்கள் வீட்டிலும் இந்த வாரம் ஒருநாளைக் குறித்துக்கொள்ளுங்கள் என்று கேட்டு விடைபெறுகிறேன்.