கடலைச் சாட்சிக்கு அழைத்த படம்: ட்சுச்சிமோட்டோவின் மினமாட்டா

‘மக்களோடு வாழ்ந்து படமெடுத்தார்’ என்று ஆவணப்பட இயக்குநரைப் பாராட்டுவது நம் விமர்சனத்தில் பழகிப்போன ஒன்று. தங்கியதால் படத்தில் எது மாறியது என்று யாரும் கேட்பதில்லை. ஜப்பானிய இயக்குநர் நோரியாக்கி ட்சுச்சிமோட்டோவின் (1928–2008) மினமாட்டா படங்களிடம் கேட்க வேண்டிய கேள்வி அதுதான். அவை நோயாளிகளின் துயரப் பதிவுகள் என்பது பொதுவான மதிப்பீடு. நோய் பரவிய வழியை நிறுவும் சான்றுகள் அவை என்பது என் வாதம்.

ஜப்பானின் கடலோர ஊரான மினமாட்டாவில் சிஸ்ஸோ நிறுவனத்தின் ஆலை 1932 முதல் 1968 வரை அசெட்டால்டிஹைடு தயாரிப்பின் கழிவைக் கடலில் விட்டது. அதிலிருந்த மெத்தில் பாதரசம் மீன் வழியே மனித நரம்பு மண்டலத்தைத் தாக்கியது. 1956இல் வெளிப்பட்ட மினமாட்டா நோய்க்கு ஆலையே காரணம் என்று அரசு ஒப்புக்கொள்ள 12 ஆண்டுகள் பிடித்தன.

1965இல் தொலைக்காட்சிக்காக அங்கே போன ட்சுச்சிமோட்டோ, கேட்காமல் குழந்தையைப் படமெடுத்தார் என்று ஒரு தாயிடம் ஏச்சு வாங்கினார். 1970இல் மறுபடி போனார். அடுத்த ஆண்டு வெளிவந்த ‘மினமாட்டா: நோயாளிகளும் அவர்கள் உலகமும்’ படத்தில் கேமராவின் பார்வை நோயுற்ற உடலோடு நின்றுவிடவில்லை. முதிய மீனவர் ஒருவர் ஆழமில்லாத நீரில் நடந்து பேய்க்கணவாய் பிடிக்கிறார். அகப்பட்டதைக் கண்களுக்கு நடுவே கடித்துக் கொல்கிறார். காட்சி அவசரமின்றி நீள்கிறது. கதையை விட்டு விலகிய அழகுக் காட்சி என்று இதைச் சொல்வோர் உண்டு. எனக்கு உடன்பாடில்லை. பிடித்ததைத் தின்று வாழும் அந்த வாழ்வே நஞ்சு உடலுக்குள் வந்த பாதை. மருத்துவமனைப் படுக்கையைச் சுற்றியே எடுத்த படத்தில் இது அகப்படாது. ஒலி தனியாகவும் காட்சி தனியாகவும் பதிவானதால், வேலை செய்யும் கைகளின் மேல் பேச்சு வந்து படிகிறது. கருவிப் பற்றாக்குறை இங்கே வாதத்துக்குத் துணைபோயிற்று.

சிஸ்ஸோவில் ஆளுக்கொரு பங்கு வாங்கிய நோயாளிகள் வெள்ளை யாத்திரை உடையில் அந்நிறுவனத்தின் ஒசாக்கா பங்குதாரர் கூட்டத்துக்குள் நுழையும் காட்சியைத்தான் பலரும் எழுதுகிறார்கள். அது உணர்ச்சியின் உச்சம், அவ்வளவே.

1977இல் ட்சுச்சிமோட்டோ தம் படங்களைத் தூக்கிக்கொண்டு, ஷிரானுய் கடலுக்கு அக்கரையில் உள்ள அமாகுசா தீவுகளில் ஊர் ஊராகத் திரையிட்டார். அங்கும் உண்டது அதே கடலின் மீன்தான். ஆனால் அந்த ஊர்கள் நோயின் வரைபடத்துக்கு வெளியே இருந்தன. அதே ஆண்டு அரசு, பல அறிகுறிகள் ஒருசேர இருந்தால்தான் நோயாளி என்று விதியை இறுக்கியது. படம் கடலைக் கணக்கில் சேர்த்தது. அரசு தனித்தனி உடலை மட்டும் அளந்தது. இரண்டில் எது அறிவியலுக்கு நெருக்கமானது என்பதில் எனக்கு ஐயமில்லை.

எல்லை போட்டு விலக்கும் அந்தப் போக்கு பின்னரும் தொடர்ந்தது: வசிப்பிடத்தையும் பிறந்த ஆண்டையும் காட்டி 2009ஆம் ஆண்டு நிவாரணச் சட்டம் பலரை விலக்கியது. அப்படி நிவாரணம் கிட்டாமல் வழக்காடிய 128 பேரையும் மினமாட்டா நோயாளிகள் என்று ஒசாக்கா மாவட்ட நீதிமன்றம் 2023 செப்டம்பரில் ஏற்றது.