ஈரலைப் படித்த வரலாறு

"ஈரலில் ஏதோ நிழல் தெரிகிறது" என்று மருத்துவமனையில் சொல்லக் கேட்டவர் பாதி உயிரோடுதான் வீடு திரும்புகிறார். நிழல் எத்தகையது என்று தெரியுமுன்னரே அதனைப் புற்றுநோய் என முடிவு கட்டி ஒடுங்கிவிடுவோர் உளர். "எனக்குத்தான் வலியே இல்லையே" என்று மறு பரிசோதனைக்குச் செல்லாது விடுவோரும் உளர். இரு சாராரும் செய்யும் பிழை ஒன்றே. கண்ட குறியை ஆராயாமலே அதற்குப் பொருள் கொண்டு விடுகின்றனர். குறி வேறு, அதன் பொருள் வேறு என்பதை ஈரலைப் பொறுத்தவரை மனித குலம் கற்றுத் தேற ஏறத்தாழ நான்காயிரம் ஆண்டுகள் ஆயின. அவ்வரலாற்றைச் சுருக்கமாகக் காண்போம்.

களிமண் ஈரல்

இலண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் ஆட்டு ஈரலின் வடிவிற் செய்த களிமண் உரு ஒன்று உள்ளது. கி.மு. 1900க்கும் 1600க்கும் இடைப்பட்ட காலத்துப் பாபிலோனியப் பொருள் அது. அதன் மேற்பரப்பு கட்டங்களாகப் பகுக்கப்பட்டு, எழுத்துகள் பொறிக்கப்பட்டுள்ளது. பலியிட்ட ஆட்டின் ஈரலை எடுத்து, அதிலுள்ள மறு, பிளவு, மேடு ஆகியவற்றை இத்தகைய உருவோடு ஒப்பிட்டுப் போர் வெல்லுமா, மன்னன் பிழைப்பானா என்று குறி சொல்லினர்.

குறி சொல்வோனை அவர்கள் மொழியில் 'பாரு' என்றனர். பார்ப்பவன், ஆராய்பவன் என்பது அதன் பொருள். தமிழாசிரியருக்கு உடனே நம் 'பார்' என்னும் வினை நினைவுக்கு வரும். ஆனால் ஓசையும் பொருளும் ஒத்தமை தற்செயலே; அவ்வொன்றைக் கொண்டு இரு மொழிகளுக்கும் உறவு கூறுதல் ஆய்வாகாது. தோற்றத்தில் ஒத்தவை எல்லாம் உறவுடையன அல்ல என்னும் இவ்விதி ஈரல் நிழலுக்கும் பொருந்துவதைப் பின்னர்க் காண்போம்.

ஒளியும் ஒலியும்

1895 நவம்பரில் செருமனியின் ராண்ட்கன் எக்ஸ் கதிரைக் கண்டறிந்தார். எலும்பு தெளிவாகத் தெரிந்தது. ஈரலின் உட்புறமோ தெரியவில்லை. ஈரலும் அதிலுள்ள கட்டியும் அக்கதிரை ஏறத்தாழ ஒரே அளவில் தடுப்பதால், வேறுபாடு படத்தில் விழவில்லை. எனவே அரை நூற்றாண்டுக்கு மேலாக, வயிற்றைத் தொட்டுப் பார்த்தும் அறுத்துப் பார்த்துமே மருத்துவர் முடிவு கூற வேண்டியிருந்தது.

1958இல் கிளாஸ்கோ நகரின் இயன் டொனால்டும் அவர்தம் துணைவர்களும், வயிற்றுக் கட்டிகளைக் கேளா ஒலியால் ஆராய்ந்து கட்டுரை வெளியிட்டனர். இரைப்பைப் புற்றுநோய் முற்றிவிட்டது எனக் கைவிடப்பட்ட ஒரு பெண்ணின் வயிற்றில் ஒலியைச் செலுத்திப் பார்த்தபோது, அங்கிருந்தது நீர் நிறைந்த பெரியதொரு கட்டி எனத் தெரிந்தது. அது சூலகக் கட்டி, அறுத்து நீக்கினர், அவர் பிழைத்தார். நீர்க்கட்டி எது, திண்கட்டி எது என்று வயிற்றைத் திறவாமலே பிரித்தறியும் வழி இவ்வாறு பிறந்தது. பின்னர் ஈரலுக்கும் அது பயன்பட்டது.

1971 அக்டோபர் 1ஆம் நாள், ஹவுன்ஸ்ஃபீல்டு அமைத்த சி.டி. கருவி இலண்டனில் முதன்முதலாக ஒரு நோயாளியின் மூளையைப் படமெடுத்தது. சில ஆண்டுகளில் உடல் முழுவதற்கும் அது விரிந்தது. நீருக்குச் சுழி, காற்றுக்குக் குறை ஆயிரம் என்று ஒவ்வொரு பொருளின் அடர்த்திக்கும் அக்கருவி எண் தந்தது. ஆயினும் திண்மையான திட்டு நல்லதா தீயதா என்பதை எண் மட்டும் சொல்லவில்லை.

குருதி சொன்ன விடை

விடைக்கான திறவுகோல் முன்னரே கிடைத்திருந்தது. நம் உறுப்புகளுள் ஈரல் தனித்தன்மை உடையது. அதற்கு இரு வழிகளில் குருதி வருகின்றது. ஏறத்தாழ முக்காற் பங்கு குடலிலிருந்து வரும் வாயிற் சிரை வழியாகவும், எஞ்சியது ஈரல் தமனி வழியாகவும் வருவன. 1954இல் அமெரிக்க ஆய்வாளர் பிரீடிஸ், யங் ஆகிய இருவரும், ஈரலில் வளரும் புற்றுக் கட்டி பெரும்பாலும் தமனிக் குருதியையே உண்டு வளர்வதைக் காட்டினர்.

1989இல் செருமானியர் காலண்டர் அறிமுகப்படுத்திய சுருள்முறை சி.டி., மூச்சை ஒருமுறை அடக்கும் நேரத்தில் ஈரல் முழுவதையும் படமெடுத்தது. குருதியில் மருந்து செலுத்தி, அது தமனி வழி வரும்போது ஒரு படமும், சிரை வழி வரும்போது மற்றொரு படமும் எடுக்க இயன்றது. ஈரலிற் பிறக்கும் புற்று, பெரும்பாலும் முதற்படத்தில் ஒளிர்ந்து அடுத்த படத்தில் மங்கும். ஹெமாஞ்சியோமா என்னும் தீங்கற்ற குருதிக்குழாய்க் கட்டி, விளிம்பிலிருந்து உள்நோக்கி மெல்ல நிறையும். நீர்க்கட்டி ஒளிர்வதே இல்லை. ஒற்றைப் படத்தில் ஒன்றுபோல் தோன்றியவை, காலம் என்னும் உரைகல்லில் உரைத்தபோது வெவ்வேறாகப் பிரிந்தன.

உடையவர் யார்?

இன்னும் ஒரு படி எஞ்சியிருந்தது. 2011இல் அமெரிக்கக் கதிரியல் கல்லூரி ஈரல் திட்டுகளைத் தரப்படுத்தும் முறை ஒன்றை வகுத்தது. ஐயமின்றித் தீங்கற்றது ஒன்றாம் தரம். ஐயமின்றி ஈரலிற் பிறந்த புற்று ஐந்தாம் தரம். ஈரல் சுருங்கிய சிரோசிஸ் நோயாளர், நெடுநாள் ஹெப்பாட்டிட்டிஸ் பி கிருமி உடையவர் போன்றோர்க்கே அத்தரம் பொருந்தும், பிறர்க்கு அன்று. நலமான ஈரலிற் காணும் திட்டுக்கும் நோயுற்ற ஈரலிற் காணும் அதே வகைத் திட்டுக்கும் பொருள் வேறு. ஒரு சொல்லுக்கு இடம் நோக்கிப் பொருள் கொள்க என மாணவர்க்குக் கற்பிக்கின்றோம் அல்லவா? கதிரியல் அறிஞரும் அதனையே கற்றனர்.

நிழலைக் கண்டறிவதினும் சிறந்தது, அது தோன்றாமற் காப்பது. ஹெப்பாட்டிட்டிஸ் பி கிருமியைக் கண்டறிய வழிவகுத்த புளும்பெர்க் 1976இல் நோபல் பரிசு பெற்றார். தைவான் 1984இல் குழந்தைகளுக்குத் தடுப்பூசி தொடங்கியது. பிள்ளைகளிடையே ஈரற் புற்று குறைந்துவிட்டதை 1997இல் வெளிவந்த ஆய்வு காட்டியது. சிங்கப்பூர் 1987இலும் மலேசியா 1989இலும் பிறந்த குழந்தை அனைவர்க்கும் அவ்வூசியை விரித்தன. அதற்கு முன் பிறந்த நம்மவருட் பலர் தம் குருதியில் அக்கிருமி உண்டா என்று அறியாதே இருக்கலாம். கேட்டுச் சோதித்துக் கொள்வது நலம்.

ஆகவே "ஈரலில் நிழல்" என்ற சொல் காதில் விழுந்தால், கேட்க வேண்டியன மூன்று. திட்டு நீரா, திண்மையா? குருதியில் மருந்து செலுத்தி எடுத்த படம் என்ன சொல்கிறது? என் ஈரல் நலமுடையதா? பழைய படங்கள் இருப்பின் அவற்றையும் கொண்டு செல்க. ஆண்டுகள் பலவாக மாறாத திட்டு பெரும்பாலும் அஞ்சத் தக்கதன்று. படமெல்லாம் பார்த்த பின்னும் ஐயம் நீங்காவிடில், ஊசியால் சிறிது தசை எடுத்துச் சோதிக்க மருத்துவர் சொல்லக்கூடும். அதற்கும் அஞ்சி ஒளிதல் வேண்டா. ஈரலைக் கண்டவுடன் விதியைச் சொல்லியவன் பாபிலோனியன். இன்றைய மருத்துவர் அதனைக் கண்டபின் வினாவைத் தொடங்குகிறார். நாமும் வினாவோடு அவரிடம் செல்வோம்.