மூகெல் மோகல் ஆன கதை

மேடும் பள்ளமுமான பனிச்சரிவில் ஸ்கீ பலகைகளோடு இறங்கும் பந்தயத்துக்கு ‘மோகல்ஸ்’ என்று பெயர். அங்குள்ள ஒவ்வொரு மேடும் ஒரு மோகல். முகலாயப் பேரரசரைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லுக்கும் இதே எழுத்து, இதே ஒலி. ஆனால் டெல்லி அரியணைக்கும் இந்தப் பனிமேட்டுக்கும் எந்த உறவும் இல்லை.

ஆஸ்திரிய, பவேரியப் பேச்சுவழக்கில் சிறு குன்றை ‘மூகெல்’ என்பார்கள். ஸ்டீரியா மாநிலத்தில் லியோபென் நகரருகே ஒரு மலைக்கே அதுதான் பெயர். குவியலைக் குறிக்கும் ஸ்காண்டிநேவியச் சொல்லொன்றை மூலமாகக் காட்டும் அகராதியும் உண்டு. ஆனாலும் ஆஸ்திரிய வழியே எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. அமெரிக்கர்களுக்கு ஸ்கீ பழக்கிய ஆசான்களில் பலர் ஆஸ்திரியர்கள். ஆர்ல்பெர்க் என்ற ஸ்கீ பயிற்று முறையை வகுத்த ஹன்னஸ் ஷ்னைடர், நாஜிகளின் சிறையிலிருந்து மீண்டு, 1939இல் நியூ ஹாம்ப்ஷயரின் நார்த் கான்வேக்கு வந்தார். இப்படி வந்தவர்கள் சொன்ன மூகெல், கேட்டவர்களுக்கு ஏற்கெனவே பழகியிருந்த மோகலாகத் திரிந்திருக்க வேண்டும்.

இந்த மேடுகள் தாமாகவே உண்டாகுபவை. ஒருவர் திரும்பிய இடத்திலேயே அடுத்தவரும் திரும்ப, பலகை வழித்த பனி குவிகிறது. ஒரு மேட்டின் கீழ்ப்புறத்தில் வழித்த பனி அடுத்த மேட்டின் மேற்புறத்தில் போய்ச் சேரும். அதனால் ஆட்கள் இறங்க இறங்க மேடுகள் மெல்ல மலையேறுகின்றன! இவ்வளவு அழகான இயக்கத்தை நான் வேறெந்த விளையாட்டுக் களத்திலும் கண்டதில்லை.

இந்த மேடுகளில் துள்ளி வித்தை காட்டியவர்களின் ஆட்டத்துக்கு முதலில் ‘ஹாட் டாகிங்’ என்றே பெயர். அமெரிக்கக் கொச்சையில் ஹாட் டாக் என்றால் பகட்டாக ஆடிக்காட்டுபவர். 1952 ஆஸ்லோ ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற நார்வேயின் ஸ்டைன் எரிக்சன், பலகைகளோடு குட்டிக்கரணம் போட்டு அவர்களுக்கு முன்னோடியானார். 1971இல் நியூ ஹாம்ப்ஷயரின் வாட்டர்வில் வேலியில் அவர்களுக்கெனப் பெரிய போட்டியே நடந்தது. 1979இல் சர்வதேச ஸ்கீ கூட்டமைப்பு அங்கீகரித்தபோது இந்த ஆட்டத்தின் பெயர் ‘ஃப்ரீஸ்டைல்’. அதன் ஒரு பிரிவான, பலகைகளோடு நடனமாடும் பாலே, ஒலிம்பிக்கில் காட்சிப் போட்டியோடு நின்றுபோனது பெரிய இழப்பு.

மோகல்ஸ் 1992 ஒலிம்பிக்கில் பதக்கப் போட்டியானது. பிரான்சின் எட்கர் க்ரோஸ்பிரான் சொந்த மண்ணில் தங்கம் வென்றார். பிரெஞ்சில் அந்த மேட்டுக்குப் பெயர் ‘போஸ்’; ஜெர்மனில் ‘புக்கெல்’. இரண்டுக்கும் பொருள் கூன்.