புதுச்சேரி – மயிலம் சாலை

புதுச்சேரி – மயிலம் சாலை என்பது, வங்கக் கடற்கரையிலுள்ள புதுச்சேரி நகரத்தை விழுப்புரம் மாவட்டத்து மயிலத்தோடும், அதற்கப்பால் சென்னை – திருச்சி நெடுஞ்சாலையிலுள்ள கூட்டேரிப்பட்டோடும் இணைக்கின்ற, ஏறத்தாழ நாற்பது கிலோமீட்டர் நீளமுள்ள கிராமாந்தர நெடுஞ்சாலையாகும். வடமேற்காகச் செல்லும் இதன் வழியில் திருச்சிற்றம்பலம் கூட்டுரோடு, சேதராப்பட்டு, பெரும்பாக்கம் ஆகியவை முக்கியமான நிறுத்தங்கள். நீளத்தால் அற்பமான இச்சாலையைத் தனியே குறிப்பிடத்தக்கதாக்குவது, அது இரண்டு ஆட்சிகளின் மண்ணில் மாறி மாறிச் செல்வதே.

நகரைக் கடந்ததும் தமிழ்நாட்டின் வானூர் வட்டத்துள் புகுந்து, வில்லியனூர் கொம்யூன் என்னும் உள்ளாட்சிப் பிரிவைச் சேர்ந்த சேதராப்பட்டில் மீண்டும் புதுவைப் பிரதேசமாகி, சிறிது தூரத்திலேயே மறுபடியும் தமிழ்நாடாகிவிடும் இந்த விசித்திரத்துக்குக் காரணம் பதினெட்டாம் நூற்றாண்டின் ராஜதந்திரம். 1783-ஆம் ஆண்டு வெர்சேல்ஸ் உடன்படிக்கையின்படி புதுச்சேரி பிரெஞ்சுக்காரருக்குத் திரும்பியபோது, அந்நகரின் ஜீவனத்துக்கென்று வில்லியனூர், பாகூர் ஆகிய இரு சீமைகளும் அதனோடு சேர்க்கப்பட்டன. வருவாய்க் கணக்கில் எந்தக் கிராமம் எந்தச் சீமையில் அடங்கியதோ அதுவே எல்லையாயிற்றே ஒழிய, ஆறோ மேடோ சாலையோ எவருடைய கவனத்துக்கும் வந்ததாகத் தெரியவில்லை. பின்னர் மூண்ட யுத்தங்களில் ஆங்கிலேயர் வசமான பிரதேசம், 1814-ஆம் ஆண்டு பாரிஸ் உடன்படிக்கைக்குப் பிறகு, 1816-இல், அதே துண்டு துண்டான வடிவத்திலேயே திருப்பித் தரப்பட்டது.

பிரெஞ்சு, ஆங்கிலேய ஆட்சிகளுக்கிடையே 1941-இல் ஏற்பட்ட சுங்க ஒப்பந்தம் 1949-இல் முடிவுற்றதும் எல்லைச் சோதனை கடுமையாகி, அடுத்த கிராமத்துச் சந்தைக்குப் போவதும் அந்நிய தேசப் பிரயாணம் போலாயிற்று. இதே வில்லியனூர் கொம்யூனிலுள்ள கீழூரில் 1954 அக்டோபர் 18-இல் மக்கள் பிரதிநிதிகள் 178 பேரில் 170 பேர் இந்தியாவோடு இணைவதை ஆதரித்து வாக்களித்தனர்; நவம்பர் 1-இல் ஆட்சி கைமாறிற்று. சுங்கச் சாவடி போனாலும் எல்லை போய்விடவில்லை. இன்றும் சாலையின் ஒரு துண்டைத் தமிழ்நாடு நெடுஞ்சாலைத் துறையும், மறு துண்டைப் புதுவைப் பொதுப்பணித் துறையும் பராமரிக்கின்றன. வரி விகிதங்களும் வேறு வேறு; ஆகவே எல்லைக்கல்லைத் தேடிக் கண்ணை வருத்திக்கொள்ளும் சிரமம் பிரயாணிக்கு இல்லை, மதுக்கடையும் பெட்ரோல் பங்க்கும் அதைச் சொல்லிவிடும்.

சேதராப்பட்டின் இன்றைய முகம் தொழிற்பேட்டையால் அமைந்தது. புதுச்சேரி அரசின் தொழில் வளர்ச்சி நிறுவனமான பிப்டிக் இங்கே பேட்டை அமைத்தபின், விவசாய பூமியாயிருந்த ஊர் ஷிப்டு நேரங்களுக்கு ஏற்ப விழித்து உறங்கும் ஊராகிவிட்டது. வானூர் வட்டத்துக் கிராமங்களிலிருந்து தொழிலாளர் எல்லை தாண்டி வந்து போகின்றனர். அருகிலுள்ள கரசூரையும் சேர்த்துச் சிறப்புப் பொருளாதார மண்டலத்துக்கென்று நூற்றுக்கணக்கான ஏக்கர் கையகப்படுத்தப்பட்டு, அந்நிலம் பல்லாண்டு பயனின்றிக் கிடந்ததை வளர்ச்சி என்னும் பெயரில் சேர்ப்பது கடினம்.

மேற்கே, திருவக்கரைச் சுற்றுவட்டாரத்துக் கல்குவாரிகளிலிருந்து ஜல்லியும் எம்-சாண்டும் ஏற்றிய டிப்பர் லாரிகள் இப்பக்கத்துச் சாலைகளை ஆக்கிரமிக்கின்றன. சாலை போடவே வெட்டப்படும் கல், போகும் வழியிலுள்ள சாலையைப் பாழாக்குகிறது. பெரும்பாக்கத்திலிருந்து கிளை பிரிந்து அடையத்தக்க திருவக்கரை, சந்திரமௌலீசுவரர் ஆலயத்தாலும் வக்கிரகாளியம்மன் சந்நிதியாலும் பிரசித்தமானது. அங்குள்ள கல்மரங்கள் ஏறத்தாழ இரண்டு கோடி ஆண்டுப் பழமையுடையவை. 1781-இல் சொன்னெரா என்னும் ஐரோப்பிய இயற்கை ஆய்வாளர் இவற்றைக் குறித்து எழுதினார். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை இப்பகுதியைப் பூங்காவாகப் பாதுகாத்து வருகிறது.

மயிலத்தில் குன்றின்மேல் முருகன் கோயிலும், அதனை நிர்வகிக்கும் பொம்மபுர ஆதீனமும், ஆதீனத்தின் தமிழ்க் கல்லூரியும் உள்ளன. பங்குனி உத்திரத்தில் பக்தர் கூட்டம் மயிலத்தை நோக்கி வரும். மாசி மகத்திலோ மயிலம் முருகனே புதுச்சேரி வைத்திக்குப்பம் கடற்கரைக்குத் தீர்த்தவாரிக்கு எழுந்தருளுகிறார்.