காவல் நாயும் தூது நாயும்

பெங்களூரின் பிரேசர் டவுனில் காலை நடையின்போது அடிக்கடி காணும் காட்சி இது: முன்பின் அறியாத இருவரின் நாய்கள் ஒன்றையொன்று முகர்ந்து நிற்கின்றன, வேறு வழியின்றி உரிமையாளர்களும் நின்று பேசத் தொடங்குகிறார்கள். பிரித்தானியக் கண்டோன்மெண்டின் பகுதியாக 1910இல் உருவான இக்குடியிருப்பில் இது இயல்பாகத் தோன்றலாம். ஆயினும் தமிழ் அகமரபு நாய்க்கு இதற்கு நேர்மாறான பணியையே அளித்தது.

அகநானூற்றின் 122ஆம் பாடலில் பரணர், இரவில் காதலர் சந்திப்பதற்கு நேரும் தடைகளை அடுக்குகிறார். ஊர், தாய், காவலர் ஆகியோரைத் தொடர்ந்து நாயும் அவ்வரிசையில் நிற்கிறது. பிற்காலத்தவர் அன்னம், மயில், கிளி, மேகம் முதலாகத் தூதுக்குரிய பத்தினை வகுத்தபோதும் நாய்க்கு இடமளிக்கவில்லை. அது வீட்டாரின் ஆள். காதலரின் ஆள் அன்று.

பிரித்தானியக் கதைமரபும் இதனை அறியும். எமிலி பிராண்டியின் 'உதரிங் ஹைட்ஸ்' (1847) நாவலில் செல்வர் வீட்டுக் காவல் நாய் கேத்தரினைக் கடிக்கிறது. அவ்வீட்டில் தங்கித் திரும்பும் அவளுக்கும் ஹீத்கிளிஃபுக்கும் இடையே வர்க்கம் நுழைந்துவிடுகிறது. ஆண்ட்ரியா ஆர்னால்டின் 2011ஆம் ஆண்டுப் பிரித்தானியத் திரைப்படத்திலும் இந்நிகழ்ச்சி இடம்பெறுகிறது.

நாயின் கழுத்தில் வார் ஏறி, அது பூங்காவுக்கு வந்தபின் நிலைமை மாறுகிறது. ஆங்கில எழுத்தாளர் டோடி ஸ்மித்தின் நாவலை டிஸ்னி நிறுவனம் 1961இல் 'நூற்றியொரு டால்மேஷியன்கள்' என்ற அமெரிக்கப் படமாக்கியது. அதில் லண்டன் பூங்காவொன்றில் நாய்களின் வார்கள் சிக்கிக்கொள்ள, அவற்றின் உரிமையாளர்கள் மணம்புரிகின்றனர். அங்கே பெற்றோர் இசைவு என்ற பேச்சே எழவில்லை.

இனி 1994ஆம் ஆண்டின் 'ஹம் ஆப்கே ஹைன் கோன்' இந்திப்படத்தை நோக்குவோம். டஃபி என்னும் நாயிடம் நாயகி நிஷா, காதலன் பிரேமுக்கான கடிதத்தை ஒப்படைக்கிறாள். நாய் தூதாகிவிட்டது எனலாம். ஆனால் அக்கடிதம் சேர்வது பிரேமிடமன்று. அவளை மணக்கவிருந்த அவனுடைய அண்ணனிடம். அவர் விட்டுக்கொடுத்த பின்னரே காதல் கைகூடுகிறது.

எனவே இப்படத்தை, காதலர்க்கு நாய் உதவிய கதை என்று மட்டும் வாசிப்பது போதாது. லண்டன் பூங்காவின் நாய்கள் இரு தனிமனிதரைச் சேர்த்தன. டஃபியோ காதலைக் குடும்பத்தின் முன் வைத்தது. தூதுப்பணி ஏற்ற பின்னும் அது பரணர் காட்டிய வீட்டு நாயாகவே இருக்கிறது. திரையில் விலங்குகளை ஆராயும் மாணவர்கள், நாய் என்ன செய்கிறது என்பதோடு யாருக்காகச் செய்கிறது என்பதையும் கேட்டல் வேண்டும்.